கறுப்புக் கண்ணாடிக்குள் மிதெக் சொன்ன பதில்

அக்டோபர் ஒன்பதாம் தேதி, செவ்வாய்க்கிழமை, பிற்பகல் மூன்று மணி சுமாருக்கு, கோபன்ஹேகனில் ஒரு மாடியறையில் உட்கார்ந்து தன் படத்தை ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான், அண்ணன் மிதெக் அதில் ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை என்பது நௌயாவுக்குத் தெரிந்தது.

அதுவரை அவன் நிறையப் பேசியிருக்கிறான் என்றே அவள் நினைத்திருந்தாள். ஏப்ரலில், கடற்பனி முடிந்து தண்ணீர் தொடங்கும் விளிம்பில், பன்னிரண்டு கேள்விகள் கேட்டு எடுத்த பேட்டி அது. அன்றைக்கு வீடு திரும்பியதும் அமாலியா மதினியிடம், "அண்ணன் இன்னிக்கு ஒண்ணு விடாம பதில் சொல்லிடுச்சு மதினி" என்று பெருமை அடித்துக்கொண்டவளும் அவள்தான்.

படத்தை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்த வீபெகெ கையை எடுத்துவிட்டுத் திரும்பினாள். இந்தப் படத்துக்குத் தயாரிப்பாளரும் அவள்தான், எடிட்டரும் அவள்தான்.

"இவரு ஏன் எதுக்குமே பதில் சொல்லல? உன் மேல ஏதாவது கோபமா?"

"சொன்னாரே! எல்லாத்துக்கும் சொன்னாரு."

"எங்க? நீ கேக்குற, அவரு பாக்குறாரு, நீ 'சரிண்ணே'ங்குற. அவ்வளவுதான் இருக்கு."

நௌயா திரையை உற்றுப் பார்த்தாள். தலையில் ரோமம் வைத்த முக்காடு, கண்ணில் பெரிய கறுப்புக் கண்ணாடி, மீசையில் பனி. அண்ணன் பொம்மை மாதிரி உட்கார்ந்திருந்தான்.

வடகோடிப் பனிக்கடலோரம் இருக்கும் அவர்கள் ஊரான கானாக்கில், ஆமாம் என்றால் புருவம் ஏறும். இல்லை என்றால் மூக்கு சுருங்கும். வாய் வேறு வேலைகளுக்கு இருக்கிறது. சாப்பிட வேண்டும், நாய்களை அதட்ட வேண்டும், கதை பேச வேண்டும். பிறந்ததிலிருந்து முப்பத்திநாலு வருஷம் அந்த முகத்தைப் பார்த்து வளர்ந்தவளுக்கு, அண்ணன் புருவம் ஏறியது காதில் விழுந்த மாதிரியே இருந்திருக்கிறது. கேமராவுக்குத்தான் காது கேட்கவில்லை. ஏப்ரல் வெயில் பனியில் பட்டுக் கண்ணைக் குத்தும் என்பதால் எல்லாரும் போல அவனும் கண்ணாடி போட்டிருந்தான். புருவம் கண்ணாடிக்குப் பின்னால் போய்விட்டது. மூக்கின் மேல்பாதியும் போய்விட்டது.

முதல் பதினோரு கேள்விகளுக்குப் பிரச்சினை இல்லை. அப்பாவிடம்தான் நாய்கள் இழுக்கும் சறுக்குவண்டி ஓட்டக் கற்றுக்கொண்டாயா, முன்பெல்லாம் அக்டோபரிலேயே கடல் உறைந்துவிடுமா, இப்போது நவம்பர் முடிந்தாலும் பனியை நம்ப முடியவில்லையா என்றெல்லாம் கேட்டிருந்தாள். பதில் ஊருக்கே தெரியும். திரையின் அடியில் எழுதிவிடலாம்.

பன்னிரண்டாவது கேள்விதான் தகராறு. படத்தின் முப்பத்தேழாவது நிமிடத்தில் அது வருகிறது. கேமராவுக்குப் பின்னாலிருந்து நௌயாவின் குரல் கேட்கிறது: "அண்ணே, அடுத்த குளிருக்கும் நீ நாய் வச்சிருப்பியா?"

காற்று. ஒரு நாய் கொட்டாவி விடும் சத்தம். ஏழு நொடி கழித்து நௌயாவின் குரல்: "சரிண்ணே."

எதற்குச் சரி சொன்னாள் என்பது அவளுக்கு நினைவில் இல்லை. அந்த நேரத்தில் பேட்டரி தீரப்போகிறது என்று சிவப்பு விளக்கு மின்னியது நினைவிருக்கிறது. மாற்று பேட்டரியை உள்சட்டைக்குள் வயிற்றோடு சேர்த்து வைத்திருந்தது நினைவிருக்கிறது. அதை எடுக்கக் கையை நுழைத்தபோது பட்ட குளிர்கூட நினைவிருக்கிறது. அண்ணன் முகம் மட்டும் இல்லை.

தன் குரலையே முப்பது தடவைக்கு மேல் போட்டுக் கேட்டாள். முதலில் கேட்டபோது சந்தோஷமாகச் சொன்ன மாதிரி இருந்தது. பத்தாவது தடவை துக்கத்தை விழுங்கிக்கொண்டு சொன்ன மாதிரி இருந்தது. இருபதாவது தடவை, பேட்டரியைப் பற்றிக் கவலைப்படுகிற யாரோ ஒரு பெண் சொன்ன மாதிரி இருந்தது.

"பேசாம இசையைப் போட்டுடலாம்" என்றாள் வீபெகெ. "கேள்விக்கு அப்புறம் அந்த அமைதி. அவரு முகம். தண்ணி. எல்லாருக்கும் புரிஞ்சிடும்."

"என்ன புரியும்?"

"எல்லாம் முடிஞ்சுபோச்சுன்னு."

"அவரு வச்சிருப்பேன்னு சொல்லியிருந்தா?"

வீபெகெ பேனாவைக் கடித்தாள். "சொல்லியிருந்தாரா?"

அதுதான் நௌயாவுக்குத் தெரியவில்லை.

இது சின்ன விஷயம் மாதிரித் தோன்றலாம். கானாக்கில் அறுநூறு பேர். மிதெக் நாய்களை விட்டுவிடப் போகிறான் என்று படத்தில் எழுதிவிட்டு அவன் விடாமல் இருந்தால், சொந்தத் தங்கையே அண்ணனின் நாய்களைக் கொன்று படம் காட்டினாள் என்று பேச்சாகும். வைத்திருப்பான் என்று எழுதி அவன் விட்டுவிட்டால் இன்னும் மோசம். வரப்போகிற பனியைப் பற்றி வாய் நீளம் காட்டினவன் என்று அவனைச் சாகும்வரை கேலி செய்வார்கள். படத்தை நவம்பர் முப்பதாம் தேதி தொலைக்காட்சிக்குக் கொடுத்தாக வேண்டும்.

நௌயாவைப் பற்றித் தெரியாதவர்கள், இவ்வளவு அலட்டிக்கொள்கிறவள் எப்படிப் படம் எடுக்க வந்தாள் என்று கேட்கலாம். அவள் எதையும் பாதியில் விட்டதில்லை. படித்தது ஒன்பது வருஷம்தான். அதன் பிறகு கடையில் கல்லாவில் பதினோரு வருஷம் உட்கார்ந்தாள்.

நாலு மாத இருட்டுக்குப் பிறகு பிப்ரவரியில் சூரியன் திரும்பி வந்ததும் படக்காரர்களும் வந்து இறங்குவார்கள். எந்த நாட்டிலிருந்து வந்தாலும் ஒரே படத்தைத்தான் எடுப்பார்கள். அவர்களுக்குச் சமைத்துப்போடவும் டேனிஷ் பேச்சை மாற்றிச் சொல்லவும் நௌயா விடுமுறை எடுத்துக்கொண்டு போவாள். மிதெக் வண்டி ஓட்டுவான். ஒருமுறை ஒரு இயக்குநர் மிதெக்கைப் பனி விளிம்பில் நிறுத்தி, மெதுவாக நடந்து போய்த் தூரத்தைப் பார்க்கச் சொன்னார். ஆறு தடவை நடக்க விட்டார்.

"தூரத்துல என்ன இருக்கு?" என்று மிதெக் தங்கையிடம் கேட்டான்.

"ஒண்ணும் இல்லண்ணே. சும்மா பாக்கணுமாம்."

"வேட்டைக்கு சீல் இருந்தா சொல்லச் சொல்லு. இல்லாட்டி நான் எதுக்குப் பாக்கணும்?"

"சோகமாப் பாக்கணுமாம்."

"எனக்குப் பசிக்குது. பசியோட பாக்கட்டுமா?"

அந்தப் பசி முகம் பிறகு மூன்று பரிசுகள் வாங்கியதாகக் கேள்வி.

அதே பயணத்தில்தான் ஒலிப்பதிவுக்காரரின் மைக்குக்குப் போட்டிருந்த ரோம உறையை நாய்கள் தின்றுவிட்டன. காற்றுச் சத்தம் விழாமல் இருக்க மைக்குக்கு அந்த உறை வேண்டும். அந்த மனிதர் கூடாரத்துக்குள் உட்கார்ந்து கண்ணீர் விட்டார். நௌயா தன் பழைய முக்காட்டின் நரி ரோமத்தைப் பிரித்து, அன்றைக்கே நாலு மணி நேரத்தில் அளவெடுத்துப் புது உறை தைத்துக் கொடுத்தாள். தையல் வெளியே தெரியாது. நரி வாசனைக்கு நாய்கள் இன்னும் ஆவலாக வந்தன. சோப்பைத் தேய்த்துத் துரத்தினாள். காற்று பழைய உறையைவிட இதில் குறைவாகவே விழுந்தது என்று ஒலிப்பதிவுக்காரர் ஒப்புக்கொண்டார். ஊருக்குப் போகும்போது அந்த மைக்கை அவளிடமே விட்டுவிட்டுப் போனார்.

மைக் வந்த பிறகு கேமரா வேண்டியிருந்தது. கேமரா வந்த பிறகு அதைக் கூடாரத்துக்குள் கொண்டு போனால் கண்ணாடியில் வேர்த்துவிடும் என்று கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. எட்டு வருஷத்தில் எல்லாம் கற்றுக்கொண்டாள். ஊருக்கு முதலில் காட்டாமல் வெளியே யாருக்கும் காட்டுவதில்லை என்று ஒரு விதியும் வைத்துக்கொண்டாள். மற்றப் படங்களில் தாங்கள் என்ன சொன்னதாகப் போட்டிருந்தார்கள் என்பதே ஊர்க்காரர்களுக்கு இன்றுவரை தெரியாது.

இப்படிப்பட்டவள்தான் தன் முதல் படத்திலேயே அண்ணன் என்ன சொன்னான் என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தாள்.

மறுநாள் வீட்டுக்கு ஃபோன் போட்டாள். மிதெக்கே எடுத்தான்.

"அண்ணே, ஏப்ரல்ல ஒரு கேள்வி கேட்டேனே. அடுத்த குளிருக்கும் நாய் வச்சிருப்பியான்னு."

ஃபோனில் சத்தமில்லை.

"அண்ணே? இருக்கியா?"

"இருக்கேன். சொல்லிட்டேன்ல."

"எப்ப?"

"இப்பத்தான்."

"அய்யோ, ஃபோன்ல உன் மூஞ்சி எனக்கு எப்படித் தெரியும்? வாயால சொல்லு."

அதற்கும் அவன் முகத்தாலேயே ஏதோ சொல்லியிருக்க வேண்டும். பின்னால் அமாலியா மதினி சிரிப்பது கேட்டது.

"மதினிகிட்ட குடு."

அமாலியா வந்தாள். "என்ன நௌயா?"

"அண்ணன் இப்ப என்ன சொல்லுச்சு? புருவமா, மூக்கா?"

"நான் அடுப்புப் பக்கம் திரும்பியிருந்தேன்டி. 'மூஞ்சி தெரியாது'ன்னு நீ கத்துனது இங்க வரைக்கும் கேட்டுச்சு, அதுக்குத்தான் சிரிச்சேன்."

படம் தெரிகிற மாதிரி கூப்பிட்டுப் பார்த்தாள். அண்ணன் முகம் வந்தது. கேள்வியை ஆரம்பித்ததும் முகம் சதுரம் சதுரமாக உடைந்தது. வானிலை மோசமான நாட்களில் இணைப்பு அப்படித்தான் இருக்கும். சதுரங்கள் ஒன்று சேர்ந்தபோது அவன் ஹாலிபட் மீன் துண்டைக் கடித்துக்கொண்டிருந்தான்.

"அண்ணே, சரியாத் தெரியல. இன்னொரு தடவை..."

மிதெக் மென்று முடித்தான். "நேர்ல ஒரு தடவை சொன்னேன். ஃபோன்ல ஒரு தடவை சொன்னேன். இப்ப ஒரு தடவை சொன்னேன். நான் பொய் சொல்றவன்னு எப்பலேர்ந்து நினைக்க ஆரம்பிச்ச?"

அதற்கு மேல் நௌயா கேட்கவில்லை. ஒருவனிடம் ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்பது அவனைப் பொய்யன் என்று சொல்வதற்குச் சமம். படக்காரர்கள்தான் அப்படிக் கேட்பார்கள். தானும் அப்படி ஆகிவிட்டோமா என்று நினைத்தபோது அவளுக்குக் காது சூடானது.

ஊருக்கே போய்ப் பார்த்துவிடுவது என்று முடிவு செய்தாள். எப்படியும் சபைக்கூடத்தில் படத்தைக் காட்ட வேண்டும். மூன்று விமானம் மாறி, வழியில் இலுலிசாட் விமான நிலையத்தில் மூடுபனிக்கு இரண்டு நாள் காத்திருந்து, நவம்பர் பதினான்காம் தேதி கானாக்கில் இறங்கினாள். சூரியன் போய் மூன்று வாரம் ஆகியிருந்தது. நண்பகலில் தெற்கே வானம் கொஞ்சம் நீலமாக இருந்தது, அவ்வளவுதான்.

கடல் இன்னும் உறையவில்லை. கரையில் நின்றால் இருட்டுக்குள் தண்ணீர் அசைகிற சத்தம் கேட்டது.

பெட்டியை வீட்டில் வைப்பதற்கு முன்பே டார்ச்சை எடுத்துக்கொண்டு நாய்கள் கட்டியிருக்கும் இடத்துக்குப் போனாள். ஏப்ரலில் பதினாலு நாய்கள் இருந்தன. ஒவ்வொன்றாகக் கண்ணில் வெளிச்சம் அடித்து எண்ணினாள். ஒன்பது. திரும்ப எண்ணினாள். ஒன்பதுதான். தள்ளி, கரையோரம், ஏப்ரலில் இல்லாத ஒரு படகு கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. வெள்ளை நிறம், பெரிய மோட்டார் மாட்டுகிற அளவு.

சரி, மூக்குத்தான் என்று நினைத்துக்கொண்டாள். அவளுக்கு அது வேண்டாத பதில். ஆனாலும் பதில் கிடைத்துவிட்டதே என்று ஓரமாக ஒரு நிம்மதியும் இருந்தது. அந்த நிம்மதி அவளுக்குப் பிடிக்கவில்லை.

வீட்டுக்குள் போனால், விளக்கின் கீழ் உட்கார்ந்து மிதெக் வண்டி இழுக்க நாய்களுக்கு மாட்டும் வார்ப்பட்டைகள் தைத்துக்கொண்டிருந்தான். மேஜையில் புதிதாகத் தைத்தவை ஆறு இருந்தன. எல்லாம் சின்ன அளவு.

"வந்துட்டியா? சாப்பிடு. சீல் கறி வேகுது."

"இது யாருக்கு அண்ணே?"

"நாய்க்கு. எனக்கு இந்த அளவு பத்தாது."

"எந்த நாய்க்கு? ஒம்போதுதானே இருக்கு?"

மிதெக் நூலைப் பல்லால் கடித்தான். "வந்ததும் எண்ணிட்டியா? கல்லாவுல உக்காந்த புத்தி எங்க போகும்!"

அமாலியா மதினி தட்டை வைத்தபடி விளக்கினாள். மூன்று நாய்களுக்கு வயசாகிவிட்டது, கோடையில் போய்விட்டன. இரண்டைப் பக்கத்து ஊர் மச்சானுக்குக் கொடுத்தாயிற்று. கறுப்புப் பெட்டை ஆகஸ்டில் ஆறு குட்டி போட்டது, அவை கொட்டகைக்குப் பின்னால் இருக்கின்றன.

"அப்ப படகு?"

"படகு தண்ணியில போறதுக்கு" என்றான் மிதெக். "கோபன்ஹேகன்ல இதெல்லாம் சொல்லித் தர மாட்டாங்களா?"

நௌயா கறியைச் சாப்பிட்டாள். ஒன்பதும் ஆறும் பதினைந்து. ஏப்ரலைவிட ஒன்று அதிகம். அப்படியானால் புருவம். ஆனால் குட்டி போட்டது ஆகஸ்டில், கேள்வி கேட்டது ஏப்ரலில். ஏப்ரலில் மூக்காக இருந்து ஆகஸ்டில் புருவமாக மாறியிருக்குமா? படத்தில் எழுத வேண்டியது ஏப்ரலின் பதிலையா, இன்றைய பதிலையா? கேட்டால் கோபித்துக்கொள்வான். தட்டில் இருந்தது எப்போது தீர்ந்தது என்றே அவளுக்குத் தெரியவில்லை.

பதினாறாம் தேதி பிற்பகல் சபைக்கூடத்தில் படம். எண்பத்து மூன்று பேர் வந்திருந்தார்கள். மேஜை நிறையக் காபி, ஏழு வகைக் கேக், நடுவில் ஒரு பெரிய தட்டில் திமிங்கலத் தோல் துண்டுகள். நௌயா திரையையும் ஒலிபெருக்கிப் பெட்டிகளையும் தானே சரிபார்த்தாள். கூட்டத்தில் சத்தம் எப்படி விழுகிறது என்று பார்ப்பதற்காக நரி ரோம மைக்கைப் பின்வரிசையில் வைத்துப் பதிவையும் ஓட விட்டாள். அது அவளுக்குப் பழக்கம். வேறு காரணம் எதுவும் இல்லை.

படத்தைப் பார்த்து ஊர் சிரித்தது. தங்கள் நாய்களைப் பார்த்துப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள். போன வருஷம் இறந்துபோன ஒருவர் மீன் பிடிக்கிற காட்சி வந்தபோது அமைதியாக இருந்தார்கள். பனியில் விரிசல் திறக்கிற காட்சியில் பின்னால் இருந்து யாரோ, "அங்கதான் என் தெர்மாஸ் போச்சு" என்றார்கள்.

முப்பத்தேழாவது நிமிடம் வந்தது. "அண்ணே, அடுத்த குளிருக்கும் நீ நாய் வச்சிருப்பியா?" காற்று. கொட்டாவி. "சரிண்ணே."

திரையின் அடியில் நௌயா எதுவும் எழுதியிருக்கவில்லை. கூட்டத்தைப் பார்த்தாள்.

"அப்பாடா" என்றார் முன்வரிசையில் இருந்த யெரிமியாஸ். எழுபது வயதுக்கு மேல் ஆன வேட்டைக்காரர். "வச்சிருப்பானாம்."

"எங்க சொன்னாரு பெரியப்பா?" என்று பெர்தா எழுந்தாள். ஆஸ்பத்திரியில் துணி துவைக்கிறவள். "மூக்கைச் சுருக்குனாரு. வைக்க மாட்டாராம்."

"உனக்குக் கண்ணு அவிஞ்சு போச்சா? கண்ணாடிப் பட்டை மேல ஏறுச்சு பாரு. புருவம் தூக்காம பட்டை எப்படி ஏறும்?"

"மீசையிலேர்ந்து பனி உதிர்ந்துச்சு பெரியப்பா! மூக்கு அசையாம பனி எப்படி உதிரும்?"

"காத்துக்கு உதிரும்."

"அப்ப பட்டையும் காத்துக்குத்தான் ஏறுச்சு."

"நௌயா, திரும்பப் போடு!"

திரும்பப் போட்டாள். மொத்தம் ஆறு தடவை போட்டாள். ஒவ்வொரு தடவையும் பட்டை ஏறியது, பனியும் உதிர்ந்தது. கூடம் இரண்டு பக்கமாகப் பிரிந்தது. புருவக்காரர்கள் ஜன்னல் பக்கம், மூக்குக்காரர்கள் காபி பக்கம். பெர்தாவின் புருஷன் ஜன்னல் பக்கம் போய் நின்றதற்கு அவள், "நீ வீட்டுக்கு வா, உனக்கு என் மூக்கைக் காட்டுறேன்" என்றாள். இரண்டும் இல்லை, அவனுக்குத் தும்மல் வந்திருக்கிறது என்று ஒருவர் சொல்லி, இரண்டு பக்கமும் அவரைத் துரத்திவிட்டது.

நௌயாவுக்குத் தலை சுற்றியது. பதில் கிடைக்கும் என்று வந்தாள். இப்போது எண்பத்து மூன்று பதில் இருந்தது.

"இங்கதானே இருக்கான்! அவனையே கேளுங்க" என்றார் யெரிமியாஸ்.

எல்லாரும் திரும்பினார்கள். மிதெக் கேக் தட்டோடு கதவுப் பக்கம் நின்றிருந்தான். தட்டைக் கீழே வைத்தான். கூட்டத்துக்கு நடுவே நடந்து திரைக்கு ஒரு முழம் தூரத்தில் போய் நின்றான்.

"இன்னொரு தடவை போடு."

போட்டாள். ஏழாவது தடவை. தன்னைவிட இரண்டு மடங்கு பெரிய தன் முகத்தை அவன் அண்ணாந்து பார்த்தான். கறுப்புக் கண்ணாடிக்குள் எட்டிப் பார்க்கிறவன் மாதிரி தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் சாய்த்தான். அப்புறம் திரும்பினான்.

"இவன் என்ன சொல்றான்னு எனக்கும் புரியல."

கூடம் இடிந்து விழுகிற மாதிரி சிரித்தது. நௌயா சிரிக்கவில்லை.

"அண்ணே, அன்னிக்கு மனசுல என்ன இருந்துச்சுன்னாவது ஞாபகம் இருக்கா?"

மிதெக் மறுபடி திரையைப் பார்த்தான். கிண்டல் முகம் போய்விட்டது. "அன்னிக்குக் காலையில ரெண்டு சீல் கிடைச்சது. நாய்ங்க வயிறு நிறைஞ்சு இருந்துச்சு. அதை நினைச்சிருந்தா புருவம்தான் தூக்கியிருப்பேன். ஆனா நீ கேக்குறதுக்குக் கொஞ்ச நேரம் முன்னாடி, போன வருஷம் வண்டி போன இடத்துல தண்ணி நிக்கிறதைப் பாத்தேன். அதை நினைச்சிருந்தா மூக்கு." தோளைக் குலுக்கினான். "எதை நினைச்சேன்னு தெரியல."

"அப்ப ஃபோன்ல என்ன சொன்ன?"

"ஃபோன்ல சும்மா உன்னைக் கிண்டல் பண்ணேன். மூஞ்சியே அசைக்கல."

"அண்ணே!"

"அப்புறம் என்ன? இன்னும் வராத பனியைப் பத்தி ஒரு மனுஷன்கிட்ட கேக்குற, அதுவும் கேமராவைக் காட்டி. அப்பாகிட்ட யாராவது அப்படிக் கேட்டிருந்தா எழுந்து போயிருப்பாரு. நான் உன் அண்ணனா இருக்கப்போய் உக்காந்திருந்தேன்."

அது கோபமாகச் சொன்னதா, செல்லமாகச் சொன்னதா என்றும் அவளுக்குப் பிரித்துச் சொல்ல முடியவில்லை. அவன் போய்க் கேக் தட்டை எடுத்துக்கொண்டான். புருவக்காரர்களும் மூக்குக்காரர்களும் படத்தை விட்டுவிட்டு, இந்த வருஷம் கடல் எப்போது உறையும் என்பதைப் பற்றிச் சண்டை போட ஆரம்பித்தார்கள்.

அடுத்த இரண்டு நாள் நௌயா அறையை விட்டு வரவில்லை. ஒரு தாளை எடுத்து நடுவில் கோடு போட்டு, வைப்பான் என்பதற்கான காரணங்களை இடப்பக்கமும் வைக்க மாட்டான் என்பதற்கானவற்றை வலப்பக்கமும் எழுதினாள். இடப்பக்கம் ஒன்பது வந்தது, வலப்பக்கம் ஒன்பது வந்தது. ஆறு குட்டிகளை ஒரு காரணமாக எண்ணுவதா, ஆறாக எண்ணுவதா என்று தெரியாமல் தாளை மடித்து வைத்தாள். வீபெகெயிடமிருந்து செய்தி வந்தது: "அண்ணன் என்ன சொன்னாராம்?" பதில் எழுத உட்கார்ந்து, எழுதி, அழித்து, மறுபடி எழுதி, கடைசியில் அனுப்பாமலே விட்டாள்.

சபைக்கூடத்தில் பதிவான சத்தம் நினைவுக்கு வந்தது இரண்டாம் நாள் சாயங்காலம். சும்மா கேட்டுப் பார்ப்போம் என்று காதில் மாட்டினாள். யெரிமியாஸின் குரல், பெர்தாவின் குரல், காபிக் கோப்பைகள், "திரும்பப் போடு", காத்துக்கு உதிரும், காத்துக்குத்தான் ஏறுச்சு. சுத்தமாக விழுந்திருந்தது. நரி ரோமம் வீண் போகவில்லை.

மடிக்கணினியைத் திறந்து, முப்பத்தேழாவது நிமிடத்தில் அந்தச் சத்தத்தைக் கொண்டுபோய் வைத்தாள். கேள்வி வருகிறது. காற்று. கொட்டாவி. "சரிண்ணே." படம் அப்படியே நிற்க, அண்ணனின் கறுப்புக் கண்ணாடிக்கு மேல் ஊர் சண்டை போடுகிறது. கடைசியில் அவன் குரல்: "இவன் என்ன சொல்றான்னு எனக்கும் புரியல." சிரிப்பு. அங்கேயே வெட்டினாள். ஒவ்வொருவர் பேச்சையும் டேனிஷில் மாற்றி, எழுத்துப்பிழை மூன்று தடவை பார்த்து, அடியில் எழுதினாள். மிதெக் முகத்தால் சொன்ன பதிலுக்கு மட்டும் ஒன்றும் எழுதவில்லை.

அதை அனுப்பிய இரண்டு மணி நேரத்தில் வீபெகெ கூப்பிட்டாள்.

"சிரிப்பா இருக்கு. நல்லாவும் இருக்கு. ஆனா நௌயா, பாக்குறவங்க குழம்பிடுவாங்களே?"

"நானும் குழம்பித்தான் இருக்கேன்" என்றாள் நௌயா. "ஊரே குழம்பித்தான் இருக்கு. நீங்க மட்டும் தெளிவா இருந்தா அது எங்க படம் இல்ல."

அந்தப் பக்கம் நீண்ட அமைதி. வீபெகெயும் முகத்தால் ஏதாவது சொல்கிறாளா என்று நௌயா ஒரு நொடி சந்தேகப்பட்டாள். பிறகு, "சரி, இப்படியே இருக்கட்டும்" என்று வாயாலேயே வந்தது.

பத்தொன்பதாம் தேதி காற்று நின்றது. கடலில் தண்ணீர் அசைகிற சத்தமும் நின்று, மேலே பனி பிடித்தது. இருபத்து மூன்றாம் தேதி காலை ஒன்பது மணிக்கு, இருட்டில், மிதெக் தலைவிளக்கை மாட்டிக்கொண்டு இரும்பு முனைக்கோலோடு பனியில் இறங்கினான். நாலு அடிக்கு ஒருமுறை குத்திப் பார்த்துப் பார்த்து அரை மணி நேரம் போய்த் திரும்பினான். ஒன்றும் சொல்லாமல் வார்ப்பட்டைகளை எடுத்து ஒன்பது நாய்களுக்கும் மாட்டினான். அப்புறம் அந்த வெள்ளைப் படகை ஆட்களோடு தூக்கிச் சறுக்குவண்டி மேல் வைத்துக் கயிறு போட்டுக் கட்டினான். மோட்டாரையும் ஏற்றினான்.

நௌயா கேமராவோடு வந்து பார்த்துக்கொண்டு நின்றாள். நாய்கள் படகை இழுக்கப் போகின்றன. பனி இருக்கிற வரைக்கும் நாய். அதற்கப்புறம் நாய்களைப் பனியில் நிறுத்திவிட்டுப் படகு. திரும்பி வரும்போது மறுபடியும் நாய். பன்னிரண்டாவது கேள்வியை அப்படி வைத்துக் கேட்டிருக்கலாமோ என்று தோன்றியது. அப்படிக் கேட்டாலும் என்ன பதில் வந்திருக்கும் என்று யோசித்தால் தலை மறுபடி சுற்றியது. குட்டிகள் ஆறும் கொட்டகைப் பக்கமிருந்து ஊளையிட்டன. அவற்றின் வார்ப்பட்டைகள் வீட்டில் ஆணியில் தொங்கின. அவை எப்போது இறங்கும் என்று அவள் கேட்கவில்லை.

"உக்காரு" என்றான் மிதெக்.

படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு வண்டியின் பின்பக்கம் ஏறி உட்கார்ந்தாள். பேட்டரிகள் நாலும் உள்சட்டைக்குள் வயிற்றோடு இருந்தன. முக்காட்டைப் புருவம் மறைய இழுத்துவிட்டாள்.

நாய்களைக் கிளப்புவதற்கு முன் மிதெக் திரும்பிப் பார்த்தான். அவன் தலைவிளக்கு அவள் கண்ணில் நேராக அடித்தது.

"படத்துல கடைசியா என்னதான் போட்ட? நான் வைப்பேன்னா, வைக்க மாட்டேன்னா?"

நௌயா பதில் சொன்னாள்.

மிதெக் விளக்கைக் கொஞ்சம் கீழே இறக்கினான். முக்காட்டின் ரோமத்தில் அதற்குள் மூச்சுப் பனி படிந்து வெள்ளையாகியிருந்தது.

"என்ன சொன்ன? தெரியல. வாயால சொல்லுடி."

"சொல்லிட்டேன்ல" என்றாள் நௌயா.

அவன் இன்னும் கொஞ்ச நேரம் வெளிச்சத்தை அவள் மேல் வைத்திருந்தான். பிறகு சாட்டையை எடுத்துக்கொண்டு முன்பக்கம் திரும்பி நாய்களுக்குக் குரல் கொடுத்தான். படகு ஒருமுறை ஆடி, வண்டி கிளம்பியது.